சைகோனில் விட்டுப்போன துப்பாக்கிகள்: ஒரு பச்சைப் பெட்டியிலிருந்து தொடங்கிய கணக்கு

எங்கள் வீட்டு உக்கிராண அறையில், மங்குச் சாமான்கள் அடுக்கிய பரணுக்குக் கீழே, பாசிப்பச்சை நிறத்தில் ஒரு இரும்புப் பெட்டி இருக்கிறது. ஒரு அடிக்குக் கொஞ்சம் குறைவான நீளம், ஒரு சாணுக்கும் குறைவான அகலம். மூடியின் உட்புறம் சுற்றிவர ரப்பர் பட்டை. பக்கவாட்டுக் கொக்கியை அழுத்தினால் 'டப்' என்று மூடிக்கொள்ளும், அதற்கப்புறம் காற்று புகாது. தீபாவளி முடிந்து ஒரு மாதம் ஆனாலும் அதில் போட்டு வைத்த தேன்குழல் நமுத்துப் போகாது என்பதால் அப்பத்தா அதை யாருக்கும் கொடுக்க மாட்டார். சின்ன வயதில் எனக்கு அது பலகாரப் பெட்டி, அவ்வளவுதான்.

பெட்டியின் ஒரு பக்கத்தில் மஞ்சள் பெயின்டில் ஆங்கில எழுத்துகள் இருக்கும். பாதி உரிந்துவிட்டது, மீதியைப் படிக்கலாம்: 5.56 மி.மீ., பால் (Ball), எம்193. அதற்குக் கீழே எல்.சி. என்று தொடங்கும் ஒரு எண். கல்லூரி முடித்த பிறகுதான் அதைத் தேடிப் பார்த்தேன். எம்193 என்பது எம்16 துப்பாக்கிக்கான தோட்டா. எல்.சி. என்றால் லேக் சிட்டி, அமெரிக்காவின் மிசூரி மாநிலத்தில் 1941-ல் தொடங்கிய ராணுவத் தோட்டா ஆலை. அதாவது இது தோட்டாப் பெட்டி. அந்த எண் எந்த ஆலையில் எந்தத் தொகுதியாகச் செய்த சரக்கு என்று சொல்கிற அடையாளம். நம் ஊர்ப் பக்கம் கடைக்கு விலாசம் என்று முன்னோர் பெயர்களின் முதலெழுத்துகளைக் கோத்து வைத்திருப்பார்களே, ரங்கூனில் எழுதின நோட்டாக இருந்தாலும் சைகோனில் எழுதினதாக இருந்தாலும் விலாசத்தைப் பார்த்தால் எந்த ஊர், எந்த வீடு என்று சொல்லிவிடலாமே, அது மாதிரி.

பெட்டி வந்த கதை எளிது. எங்கள் ஐயா (தாத்தா) வியட்நாமின் சைகோனில் ஒரு லேவாதேவிக் கடையில் அடுத்தாளாக, அதாவது கடைப் பொறுப்பாளருக்கு அடுத்த ஆளாக, இருந்தவர். கடை போன பிறகும் அங்கேயே தங்கி, நகரத்தார் கட்டின தண்டாயுதபாணி கோயில் வேலைகளைப் பார்த்துக்கொண்டிருந்தார். 1975-ல் நகரம் கைமாறியது, அடுத்த வருடம் ஊர் திரும்பினார். கொண்டுவந்த சொத்து இரண்டு டிரங்குப் பெட்டி, இந்தப் பச்சைப் பெட்டி. "அரிசி கிடைக்கிறதுதான் அப்போ பாடு அப்பு, இந்தப் பெட்டி எந்தப் பிளாட்பாரத்துல பார்த்தாலும் கிடக்கும்" என்று சொல்வார். அதில்தான் கோயில் சாவிகளையும் கணக்கு நோட்டையும் வைத்திருந்தாராம்.

பெட்டி காலியாக இங்கே வந்துவிட்டது. அதற்குரிய துப்பாக்கிகள் எங்கே போயின? பல வருடமாக எனக்குள் இருந்த கேள்வி இதுதான். தேடத் தேட, அமெரிக்கா, சோவியத் யூனியன் என்ற இரண்டு வல்லரசுகளின் போட்டி உலகச் சிறு ஆயுத வியாபாரத்தை எப்படி வளைத்தது என்பதற்கு இதைவிடத் தெளிவான வழக்கு வேறு இல்லை என்று தோன்றியது. அதனால் முழுசாக எழுதி வைக்கிறேன்.

சரக்கு எப்படிக் குவிந்தது

தென் வியட்நாம் ராணுவத்துக்கு முதலில் அமெரிக்கா கொடுத்தது இரண்டாம் உலகப்போர் காலத்து எம்1 துப்பாக்கிகள். நாலு கிலோவுக்கு மேல் எடை, நீளமும் அதிகம், சிறிய உடல்வாகு கொண்ட வியட்நாமியச் சிப்பாய்க்கு அது பெரிய பாரம். எதிர்ப்பக்கமான கம்யூனிஸ்ட் வட வியட்நாமின் கையில் இருந்தது ஏகே. சோவியத் ராணுவம் 1949-ல் ஏற்றுக்கொண்ட துப்பாக்கி, அதையே சீனா 1956 முதல் 'டைப் 56' என்ற பெயரில் தானே செய்யத் தொடங்கியிருந்தது. இங்கே ஒரு விஷயத்தைக் கவனிக்க வேண்டும். மாஸ்கோ தன் நண்பர்களுக்குத் துப்பாக்கி கொடுத்ததோடு நிற்காமல், அதைச் செய்யும் வித்தையையும் கொடுத்தது. சீனா, போலந்து, ருமேனியா, பல்கேரியா, கிழக்கு ஜெர்மனி, வட கொரியா என்று ஆலைகள் முளைத்தன. இன்றைக்கு உலகத்தில் 7 கோடியிலிருந்து 10 கோடி வரை ஏகே வகைத் துப்பாக்கிகள் இருக்கலாம் என்கிற மதிப்பீடு இந்த ஒரு முடிவிலிருந்து வந்ததுதான். வியாபாரக் கணக்கில் பார்த்தால் எந்த முதலாளியும் தன் தொழில் ரகசியத்தை இப்படிக் கொடுக்க மாட்டான். ஆனால் இங்கே லாபம் பணமாக வரவேண்டியதில்லை, பக்கம் சேர ஒரு நாடு வந்தால் போதும்.

1968-ல் டெட் என்ற வியட்நாமியப் புத்தாண்டின்போது வட வியட்நாம் பக்கம் நடத்திய தாக்குதலில் ஏகேயும் பழைய எம்1-ம் நேருக்கு நேர் நின்றபோது வித்தியாசம் எல்லோருக்கும் தெரிந்துபோனது. அதற்குப் பிறகு தென் வியட்நாமுக்கு எம்16 கொட்ட ஆரம்பித்தது. கனெக்டிகட் மாநிலம் ஹார்ட்ஃபோர்டில் கோல்ட் ஆலை செய்த, மூன்று கிலோ சுமாரான, இலேசான துப்பாக்கி. 1969-ல் நிக்சன் வந்து, சண்டையை உள்ளூர் ராணுவத்தின் தலையில் ஏற்றிவிட்டு அமெரிக்கப் படை கிளம்பலாம் என்று முடிவு செய்ததும் வரத்து இன்னும் கூடியது.

அப்புறம் 1972 கடைசி. பாரிஸில் சமாதான ஒப்பந்தம் கையெழுத்தாகப் போகிறது, கையெழுத்தான பிறகு பழுதான ஆயுதத்துக்கு ஈடாக ஒன்றுக்கு ஒன்று என்றுதான் புதிது கொடுக்கலாம் என்று நிபந்தனை வரப்போகிறது. சரி, அதற்குள் எவ்வளவு முடியுமோ அவ்வளவு இறக்கிவிடலாம் என்று அக்டோபர் முதல் டிசம்பர் வரை கப்பலிலும் விமானத்திலும் அவசர அவசரமாக இறக்கினார்கள். 'என்ஹான்ஸ் பிளஸ்' என்று அதற்குப் பெயரே வைத்தார்கள். சமாதானம் வரும் என்பதற்காகவே ஆயுதக் குவியல் பெரிதானது. 1973 ஜனவரி 27-ல் ஒப்பந்தம் கையெழுத்தானபோது, வந்திறங்கியதை எல்லாம் பராமரிக்கவே அந்த ராணுவத்திடம் ஆளும் பணமும் போதவில்லை.

1975 ஏப்ரல் 30. ஐயா சொன்னதில் எனக்கு மறக்காதது ஒன்று உண்டு. அன்றைக்குக் காலையில் கோயில் வாசல் கதவை உள்பக்கம் தாழிட்டு உட்கார்ந்திருந்தார்களாம். மதியத்துக்கு மேல் திறந்து எட்டிப் பார்த்தால் தெரு முழுக்க பூட்ஸ். ஆளே இல்லை, வெறும் பூட்ஸ், ராணுவச் சட்டை, இரும்புத் தொப்பி, அதற்கு நடுவே துப்பாக்கிகள். தென் வியட்நாம் சிப்பாய்கள் உடுப்பைக் கழற்றிப் போட்டுவிட்டு உள்ளுடுப்போடு வீட்டுக்கு நடந்து போயிருக்கிறார்கள். "வெளக்குமாத்தை ஓரமா சாய்ச்சு வச்ச மாதிரி செவத்துல துப்பாக்கிய சாய்ச்சு வச்சிட்டுப் போயிருந்தானுக" என்பார் ஐயா. ஒரு பையன் அதில் ஒன்றைத் தூக்கிப் பார்த்தபோது அவன் அம்மா ஓடி வந்து முதுகில் போட்டு இழுத்துக்கொண்டு போனாராம்.

அப்படி வென்றவர் கைக்குப் போன எம்16 மட்டும் ஏறத்தாழ 8 லட்சம். கைத்துப்பாக்கி, இயந்திரத் துப்பாக்கி, தோட்டா எல்லாம் தனி. இவை விற்ற சரக்கு அல்ல, ராணுவ உதவி என்ற தலைப்பில் கொடுத்தவை. விற்றிருந்தால் எங்கோ ஒரு பேரேட்டில் பற்று இருக்கும், வராக்கடன் என்றாவது எழுதி வைத்திருப்பார்கள், யாராவது ஒருவன் அதைப் பின்தொடர்ந்து வந்து கேட்டிருப்பான். கொடுத்துவிட்டுக் கணக்கை மூடியதால் 8 லட்சம் துப்பாக்கிகளைப் பின்தொடர யாருமே இல்லை.

ஹனோயிலிருந்து ஹவானா

வென்ற வியட்நாமுக்கு இவ்வளவு எம்16 என்னத்துக்கு? அவர்கள் ராணுவம் ஏகே ராணுவம். ஏகேயின் தோட்டா 7.62, எம்16-ன் தோட்டா 5.56, ஒன்று மற்றதில் போகாது. கம்போடியச் சண்டையில் கொஞ்சம் பயன்பட்டது, உள்ளூர்க் காவல் படைகளுக்குக் கொஞ்சம் போனது. மீதி கிட்டங்கியில் எண்ணெய் தடவிக் கிடந்தது. செலவில்லாமல் கிடைத்த சரக்கு, தானே பயன்படுத்தாத சரக்கு, நண்பனுக்குக் கொடுத்தால் கைக்காசு குறையாத சரக்கு.

1980-ல் மத்திய அமெரிக்காவின் எல் சால்வடாரில் இடதுசாரிக் குழுக்கள் ஒன்றாகி எஃப்.எம்.எல்.என். என்ற கூட்டணியாக எழுந்து நின்றன. அந்த நாட்டுக் கம்யூனிஸ்ட் கட்சிச் செயலாளர் ஷாஃபிக் ஹாண்டால் அந்த வருடம் ஆயுதம் கேட்டு உலகம் சுற்றினார். அவர் ஹனோய் போனபோது வியட்நாம் 60 டன் ஆயுதம் தர ஒப்புக்கொண்டது, அதில் 1,620 எம்16-ம் 15 லட்சம் தோட்டாவும் அடக்கம் என்று அமெரிக்க வெளியுறவுத் துறை 1981 பிப்ரவரி 23-ல் வெளியிட்ட வெள்ளை அறிக்கை சொன்னது. பாதை ஹனோய், கியூபாவின் ஹவானா, நிகரகுவாவின் மனாகுவா, அப்புறம் படகிலும் கழுதை மேலும் எல் சால்வடார்.

இந்த அறிக்கையை அப்படியே விழுங்கக் கூடாது, இதைச் சொல்லாமல் போவது நேர்மை அல்ல. வெளியான சில மாதங்களிலேயே அமெரிக்கப் பத்திரிகைகளே அதைப் பிரித்து மேய்ந்துவிட்டன. கைப்பற்றிய ஆவணங்களை மிகைப்படுத்திப் படித்திருந்தார்கள், யார் எழுதியது என்பதையே சில இடங்களில் ஊகித்திருந்தார்கள், டன் கணக்குகள் ஆவணத்தில் இல்லாமல் கணக்குப் போட்டுச் சேர்த்தவை. தயாரித்த அதிகாரியே சில பகுதிகள் தவறான எண்ணம் தரக்கூடியவை என்று ஒப்புக்கொண்டார். வல்லரசுப் போட்டியில் துப்பாக்கியைப் பற்றிய செய்தியும் ஒரு ஆயுதம்தான், எந்தத் தரப்பு எண் சொன்னாலும் இரண்டு தடவை பார்க்க வேண்டும்.

ஆனால் துப்பாக்கியின் உடம்பில் வெட்டின எண்ணை அப்படி ஊதிப் பெரிதாக்க முடியாது. அடுத்தடுத்த வருடங்களில் கெரில்லாக்களிடமிருந்து பிடித்த எம்16-களின் வரிசை எண்களை எடுத்து ஆலைப் பதிவோடும் ஏற்றுமதிப் பதிவோடும் ஒப்பிட்டபோது கணிசமான பங்கு அமெரிக்கா வியட்நாமுக்கு அனுப்பியவை என்று தெரிந்தது. சிலியில் இன்னும் தெளிவு. 1986 ஆகஸ்டில் வடக்குக் கடற்கரையில் கரீசால் பாஹோ என்ற மீனவச் சிற்றூர் அருகே சிக்கிய ஆயுதக் குவியலில் 3,000-க்கும் மேற்பட்ட எம்16 இருந்தன. கியூபா வழியாக, சிலியை ஆண்ட ராணுவ சர்வாதிகாரி பினோசெட்டை எதிர்த்த ஒரு குழுவுக்கு வந்திறங்கியவை, மூலம் வியட்நாம். அடுத்த மாதம் 7-ஆம் தேதி பினோசெட்டின் கார் வரிசை மேல் நடந்த தாக்குதலிலும் எம்16 பேசியது. ஹார்ட்ஃபோர்டில் கம்யூனிசத்தைத் தடுக்கச் செய்த துப்பாக்கி, அமெரிக்கா ஆதரித்த ஒரு ஜெனரலைக் குறிபார்த்தது.

ஏன் எம்16? கியூபாவிடமும் சோவியத்திடமும் ஏகே இல்லாமலா இருந்தது? இங்கேதான் வழக்கின் முடிச்சு. ஏகே பிடிபட்டால் உடனே மாஸ்கோ என்று கை நீளும். எம்16 பிடிபட்டால், அரசாங்கச் சிப்பாயிடமிருந்து பறித்தது என்று சொல்லிவிடலாம். அதோடு 1981 ஜனவரி மத்தியில் கார்ட்டர் தன் பதவியின் கடைசி வாரத்தில் எல் சால்வடார் ராணுவத்துக்கு ஆயுத உதவியைத் திறந்துவிட்டார், ரீகன் அதை வெள்ளமாக்கினார், அந்த ராணுவமும் எம்16-க்கு மாறியது. ஆக, தோட்டா தீர்ந்தால் எதிரியிடமே எடுத்துக்கொள்ளலாம். கொடுத்தவன் முகமும் மறைந்தது, தோட்டாச் செலவும் மிச்சம்.

எதிர்த்திசையிலும் அதே வேலை

இதை இடதுசாரிப் பக்கத்துத் தந்திரம் என்று மட்டும் எழுதினால் பாதிக் கணக்குதான். அதே 1980-களில் அருகிலுள்ள நிகரகுவாவில், அங்கிருந்த இடதுசாரி அரசை எதிர்த்துச் சண்டை போட்ட தன் ஆட்களான கொன்ட்ரா படைக்கு அமெரிக்கா கொடுத்தது என்ன? ஏகே. 1982-ல் லெபனானில் பாலஸ்தீன விடுதலை இயக்கத்திடமிருந்து இஸ்ரேல் கைப்பற்றிய கிழக்கு அணி ஆயுதங்களை அமெரிக்கப் பாதுகாப்புத் துறை வாங்கி சி.ஐ.ஏ. வழியாகக் கொன்ட்ராக்களுக்கு அனுப்பியது. 1986 அக்டோபர் 5-ல் நிகரகுவா வானில் சுட்டு வீழ்த்தப்பட்ட சி-123 விமானத்தில், உயிர்தப்பிப் பிடிபட்ட ஒரே ஆள் யூஜின் ஹாசன்ஃபஸ் என்ற அமெரிக்கர். விமானத்தில் இருந்த சரக்கோ ஏகே துப்பாக்கிகளும் பல்லாயிரம் தோட்டாக்களும். அந்த ஒரு விமானத்திலிருந்து இழுத்த நூலும் சேர்ந்துதான், ஈரானுக்கு ரகசியமாக ஆயுதம் விற்ற பணத்தைக் கொன்ட்ராக்களுக்குத் திருப்பிவிட்ட ஈரான்-கொன்ட்ரா விவகாரம் அவிழ்ந்தது.

யோசித்துப் பாருங்கள். ஒரே சமயத்தில், பக்கத்துப் பக்கத்து நாடுகளில், சோவியத் பக்கத்து ஆள் அமெரிக்கத் துப்பாக்கியோடு நிற்கிறான், அமெரிக்கப் பக்கத்து ஆள் ரஷ்யத் துப்பாக்கியோடு நிற்கிறான். நம் ஊர் வழக்கில் சொன்னால் இரண்டு கடையும் அடுத்த கடை விலாசத்தில் நோட்டு எழுதிக் கொடுத்த மாதிரி. நகரத்தார் தொழிலில் ஒருத்தன் இப்படிச் செய்தால் அடுத்த நாள் கிட்டங்கியில் அவனுக்கு உட்காரப் பாய் கிடைக்காது, பெண் கொடுக்கவும் ஆள் வராது. நாடுகள் செய்தபோது கேட்க நாலு பேர் இல்லை.

ஆப்கானிஸ்தானில் இதே முறைதான், அளவு மட்டும் பல மடங்கு. 1979 டிசம்பரில் சோவியத் படை நுழைந்த பிறகு சி.ஐ.ஏ. அந்தப் படையை எதிர்த்த முஜாஹிதீன்களுக்குக் கொடுக்க அமெரிக்கத் துப்பாக்கியைத் தொடவே இல்லை. முதலில் பழைய லீ என்ஃபீல்டு, நம் போலீஸ்காரர்கள் தோளில் மாட்டிக்கொண்டு திருவிழாவுக்கு வருவார்களே அந்த த்ரீ நாட் த்ரீ. அவற்றை கிரேக்கத்திலிருந்தும் இந்தியாவிலிருந்தும்கூட வாங்கினார்கள். அப்புறம் சீனாவின் டைப் 56, எகிப்தின் சோவியத் வகைச் சரக்கு. எல்லாம் கராச்சித் துறைமுகத்தில் இறங்கி பாகிஸ்தான் உளவுத் துறையின் கைவழியே போயின. கையிலிருந்து கைக்குப் போகும்போது ஒழுகியது எவ்வளவு என்பதற்கு பாகிஸ்தானின் சந்தைகளே சாட்சி. 1988 ஏப்ரல் 10-ல் ராவல்பிண்டி அருகே ஓஜ்ரி முகாம் கிடங்கு வெடித்து, ராக்கெட்டுகள் ஊருக்குள் பறந்து விழுந்து சுமார் நூறு பேர் செத்தார்கள்.

சண்டை ஓய்ந்தது, சரக்கு ஓயவில்லை

எல் சால்வடாரில் 1992 ஜனவரி 16-ல் சமாதானம் கையெழுத்தானது. 12 வருடச் சண்டையில் இறந்தவர்கள் சுமார் 75,000 பேர். ஐ.நா. மேற்பார்வையில் எஃப்.எம்.எல்.என். தன் ஆயுதங்களை ஒப்படைத்தது, பத்தாயிரம் சுமார் எண்ணிக்கை, அழித்தும் ஆயிற்று, உலகம் கைதட்டியது. 1993 மே 23-ல் மனாகுவாவில் ஒரு கார் பட்டறை வெடித்துச் சிதறியது. தோண்டினால் கீழே நிலவறை, அதில் எஃப்.எம்.எல்.என். அணி ஒன்று மறைத்து வைத்திருந்த துப்பாக்கி, வெடிமருந்து, ஏவுகணை வரை. அப்புறம் வேறு பதுக்கிடங்களும் வெளியே வந்தன. அந்த நாட்டில் போர் முடிந்த பிறகு கொலைகள் குறையவில்லை. வியாபாரிகளே பணம் போட்டு, துப்பாக்கி கொடுத்தால் மளிகைச் சாமான் சீட்டு தருகிறோம் என்று 1996-ல் ஒரு திட்டம் நடத்த வேண்டி வந்தது. கதிரறுத்த கையில் காசில்லாத இளைஞனுக்கு, வீட்டுக்குப் பின்னால் புதைத்து வைத்த துப்பாக்கி மட்டும்தான் விலைபோகிற பொருள். அதற்கு அரிசியும் எண்ணெயும் கொடுத்து வாங்கினார்கள், அது நல்ல வேலை.

நிகரகுவாவின் ஏகேக்கள் வேறு வழியில் நடந்தன. 2001-ல் அங்கே அரசாங்கக் கிடங்கிலிருந்து 3,000 சுமார் துப்பாக்கிகளும் லட்சக்கணக்கான தோட்டாவும், பனாமா போலீஸுக்கு என்று போலிக் கொள்முதல் தாள் காட்டி வெளியே எடுக்கப்பட்டன. ஓட்டர்லூ என்ற கப்பல் பனாமா பக்கமே திரும்பவில்லை, கொலம்பியாவின் டர்போ துறைமுகத்துக்குப் போய் வலதுசாரித் துணை ராணுவக் குழுவிடம் இறக்கியது. இடதுசாரிப் புரட்சியைக் காக்க சோவியத் அணி கொடுத்தவை, இன்னொரு நாட்டில் இடதுசாரிப் புரட்சிக்காரர்களை வேட்டையாடுகிறவர்களின் தோளில் ஏறின. எழுதும்போது கை கூசுகிறது. அந்தத் தோட்டாக்களுக்கு முன்னால் நின்றவர்கள் வாழைத் தோட்டத்துக் கூலிகள், காட்டோரக் கிராமத்து விவசாயிகள். மாஸ்கோவையோ வாஷிங்டனையோ படத்தில்கூடப் பார்த்திராதவர்கள்.

நம் கரையில்

இதெல்லாம் எங்கோ நடந்தது என்று காரைக்குடியில் உட்கார்ந்து நினைத்துக்கொள்ள முடியாது. இங்கிருந்து கிழக்கே வண்டியெடுத்தால் ஒன்றரை மணி நேரத்தில் தொண்டிக் கடற்கரை, தெற்கே இறங்கினால் ராமேஸ்வரம். 2018 ஜூன் மாதம் ராமேஸ்வரம் அருகே தங்கச்சிமடத்தில் ஒரு மீனவர் வீட்டில் கழிவுநீர்த் தொட்டிக்குப் பள்ளம் தோண்டினார்கள். மண்வெட்டி இரும்பில் இடித்தது. பெட்டி பெட்டியாகத் தோட்டாக்கள், துருவேறி மண்ணோடு ஒட்டிப்போனவை, 1980-களில் ஈழப் போராளிக் குழுக்கள் இங்கே முகாமிட்டிருந்த காலத்தில் புதைத்தவை என்று போலீஸ் சொன்னது. முப்பது வருடத்துக்கு மேல் அந்த மண் மேலேயே ஜனம் நடந்திருக்கிறது, பிள்ளைகள் விளையாடியிருக்கின்றன.

அந்தப் பெட்டிகளுக்கும் வல்லரசுப் போட்டிக்கும் சம்பந்தம் இருக்கிறதா? இருக்கிறது. 1983 கலவரத்துக்குப் பிறகு தில்லி போராளிக் குழுக்களுக்குப் பயிற்சி கொடுத்ததற்கு தமிழர் துயரம் ஒரு காரணம், தமிழ்நாட்டின் கொதிப்பு ஒரு காரணம். இன்னொரு காரணம், இலங்கையின் ஜெயவர்த்தனா அரசு மேற்குப் பக்கம் சாய்ந்துகொண்டிருந்தது. திருகோணமலைத் துறைமுகம் யார் கைக்குப் போகும், வாய்ஸ் ஆஃப் அமெரிக்கா ஒலிபரப்பு நிலையம் எதற்கு என்ற சந்தேகங்கள், 1971-ல் சோவியத்தோடு நட்பு ஒப்பந்தம் போட்டிருந்த தில்லியை உறுத்தின. 1987 ஜூலை 29 ஒப்பந்தத்தோடு இரண்டு தலைவர்கள் மாற்றிக்கொண்ட கடிதங்களில் திருகோணமலையும் வெளிநாட்டு ஒலிபரப்பும் பெயர் சொல்லி இருக்கின்றன. ஆயுதம் கேட்டுப் போன யாழ்ப்பாணத்துப் பையனுக்கு இந்தச் சதுரங்கம் எவ்வளவு தெரிந்திருக்கும் என்று தெரியவில்லை, அவனுக்கு அவன் வீடு எரிந்தது தெரியும். அதே ஒப்பந்தத்தின் பேரில் போன இந்திய அமைதிப் படை, கனமான பழைய எஸ்.எல்.ஆர். துப்பாக்கியோடு ஏகே வைத்திருந்த புலிகளுக்கு எதிரே நின்றது. அந்த அனுபவத்துக்குப் பிறகுதான் இந்திய ராணுவம் கிழக்கு ஐரோப்பாவிலிருந்து ஏகே வாங்கியது. இலங்கை ராணுவத்தின் கையில் சீனாவின் டைப் 56, புலிகள் கையிலும் அதே வகை. இருபத்தைந்து வருடம் தமிழனும் சிங்களவனும் ஒரே வார்ப்பில் செய்த துப்பாக்கியால் ஒருவரை ஒருவர் சுட்டார்கள்.

விலாசம் எழுதுவதும் அழிப்பதும்

இப்போது சட்டம் என்ன செய்திருக்கிறது என்று பார்த்தால், கொஞ்சம் இருக்கிறது. 2005-ல் ஐ.நா. பொதுச் சபை, துப்பாக்கி ஒவ்வொன்றிலும் செய்த நாடும் வரிசை எண்ணும் பொறிக்க வேண்டும், பதிவு வைக்க வேண்டும், கேட்டால் சொல்ல வேண்டும் என்று ஒரு ஏற்பாட்டை ஒப்புக்கொண்டது. அதில் தோட்டாவைச் சேர்க்கவில்லை. துப்பாக்கி ஐம்பது வருடம் உழைக்கும், தோட்டா இல்லையென்றால் அது இரும்புக் கம்பி, அப்படியிருக்கத் தோட்டாவை விட்டது எனக்கு இன்றைக்கும் ஜீரணமாகவில்லை. எங்கள் வீட்டுப் பலகாரப் பெட்டியின் மேல் 1960-களிலேயே ஆலைப் பெயரும் தொகுதி எண்ணும் பளிச்சென்று எழுதியிருக்கிறது. முடியாத காரியம் என்று யாரும் சொல்ல முடியாது.

2013 ஏப்ரல் 2-ல் ஆயுத வர்த்தக உடன்படிக்கை ஐ.நா.வில் நிறைவேறி 2014 டிசம்பர் 24 முதல் நடைமுறைக்கு வந்தது. அமெரிக்கா கையெழுத்துப் போட்டது, ஆனால் உறுதிப்படுத்தவில்லை, 2019-ல் அந்தக் கையெழுத்துக்கும் கட்டுப்பட மாட்டோம் என்று சொல்லிவிட்டது. ரஷ்யா கையெழுத்தே போடவில்லை. சீனா 2020-ல் சேர்ந்தது. இந்தியா வாக்கெடுப்பில் ஒதுங்கிக்கொண்டது, இன்னும் வெளியேதான். பயங்கரவாதக் குழுக்களுக்கு ஆயுதம் போவதை உடன்படிக்கை சரியாகத் தடுக்கவில்லை, வாங்கும் நாடுகள் மேல்தான் பாரம் என்று தில்லி சொன்ன காரணத்தில் நியாயம் உண்டு. ஆனால் தங்கச்சிமடம் இருக்கிற நாடு உள்ளே போய்ச் சண்டை போட்டுத் திருத்தியிருக்க வேண்டும் என்பது என் கட்சி. உலகத்தில் இருக்கும் சிறு ஆயுதங்கள் 100 கோடிக்கு மேல் என்று 2018-ல் ஜெனீவாவின் ஸ்மால் ஆர்ம்ஸ் சர்வே கணக்கிட்டது, அதில் 85 கோடிக்கும் மேல் ராணுவத்திடமோ போலீஸிடமோ இல்லை, பொதுமக்கள் கையில்.

சைகோன் மறுபடி நடந்தது. 2021 ஆகஸ்டில் காபூல் விழுந்தபோது அமெரிக்கா ஆப்கன் படைக்குக் கொடுத்து விட்டுப்போனது சுமார் 700 கோடி டாலர் மதிப்புள்ள தளவாடம் என்று அமெரிக்கப் பாதுகாப்புத் துறையே அறிக்கை கொடுத்தது. அதில் துப்பாக்கி வகை 3 லட்சத்துக்கும் மேல். அன்றைக்கு டிவியில் தாலிபான்கள் எம்16-ன் குட்டை வடிவமான எம்4 துப்பாக்கியோடு நின்றதைப் பார்த்தபோது அப்பச்சி (அப்பா) ஒன்றும் சொல்லவில்லை. எழுந்து உள்ளே போய் அந்தப் பச்சைப் பெட்டியை எடுத்து வந்து பட்டாலையில் வைத்தார், கொஞ்ச நேரம் அதையே பார்த்துக்கொண்டிருந்தார், பிறகு கொண்டுபோய் அதே இடத்தில் வைத்துவிட்டார்.

காஷ்மீரில் 2017-லேயே ஒரு எம்4 பிடிபட்டது, அதற்குப் பிறகும் வந்துகொண்டிருக்கின்றன. பாகிஸ்தானில் பிடிபட்டவற்றின் வரிசை எண்களைச் சரிபார்த்தபோது பதிவு ஒழுங்காகக் கிடைத்தது. செய்த ஆலை, அமெரிக்க அரசு வாங்கியது, ஆப்கன் படையிடம் கொடுத்தது என்று படிப்படியாக. அந்த ஒப்படைப்போடு பதிவு நின்றுபோகிறது.